ஐஸ்லாந்து சவுத் கோஸ்ட் ஒருநாள் டூர்: சின்ன வேனா, பெரிய பஸ்ஸா, நாமளே கார் ஓட்டுறதா?

மீனா_ரெடிங்:
வணக்கம் மக்களே. அக்டோபர் கடைசில ஸ்கூல் லீவுக்கு ஐஸ்லாந்து போறோம். நான், வீட்டுக்காரர், பத்து வயசுப் பொண்ணு, ஊர்லேர்ந்து வந்து எங்களோட சேர்ந்துக்கப்போற அத்தை மாமா. தலைநகர் ரேக்யாவிக்ல ரூம் போட்டாச்சு. ஒரு நாள் முழுசா சவுத் கோஸ்டுக்குன்னு ஒதுக்கிருக்கோம், செல்யாலாண்ட்ஸ்ஃபாஸ், ஸ்கோகாஃபாஸ்னு ரெண்டு பெரிய அருவி, கறுப்பு மணல் பீச், பனிப்பாறை, எரிமலை எல்லாமே ஒரே ரோட்டுல வருதாமே. இதுக்கு பத்தொம்பது பேருக்கு மேல ஏத்தாத சின்ன வேன் டூர் இருக்கு, அம்பது பேரு போற பெரிய பஸ் இருக்கு, இல்லேன்னா நாமளே கார் எடுத்துக்கலாம். எது சரி வரும்? வீட்டுக்காரர் இங்க யூகேல நல்லா ஓட்டுவாரு, ஆனா அங்க ரைட் சைடுல ஓட்டணும், காத்து வேற ஆளையே தள்ளும்ங்கறாங்க. அத்தைக்கு முட்டி வலி, ரொம்ப தூரம் நடக்க முடியாது. போயிட்டு வந்தவங்க விவரமா சொல்லுங்க ப்ளீஸ்.

வடதுருவன்:
மீனா, நான் வேலைக்காக ரேக்யாவிக்லயே இருக்கேன், ஊர்லேர்ந்து யாரு வந்தாலும் முதல்ல இந்த ரூட்டுக்குத்தான் கூட்டிட்டுப் போவேன், அதனால தெரிஞ்சத சொல்றேன். இங்கேர்ந்து கறுப்பு மணல் பீச் பக்கத்துல இருக்கற வீக் ஊர் வரைக்கும் ஒரு வழிக்கு 187 கிலோமீட்டர், எங்கயும் நிக்காம போனாலே ரெண்டரை மணி நேரம். அப்போ போக வர அஞ்சு மணி நேரம் ரோட்டுலயே போயிருது. அக்டோபர் கடைசில காலைல ஒன்பது வாக்குலதான் விடியும், சாயந்திரம் அஞ்சரைக்கு இருட்டத் தொடங்கிரும். அதாவது வெளிச்சம் கம்மி, தூரம் அதிகம். எட்டு மணிக்கு கிளம்புற வேன் இருட்டுலயே ஹெல்லிஸ்ஹெய்தி மேட்டைத் தாண்டி, வெளிச்சம் வர்ற நேரத்துக்கு முதல் அருவி பக்கம் போய்ச் சேரும். மழையோ ஐஸோ இருக்கற அந்த இருட்டு ரோட்டை பழக்கமில்லாத ஆளு ஓட்டுனா அன்னைக்கு முழுக்க அவருக்கு ரோடு மட்டும்தான் தெரியும், வேற எதுவும் பாத்திருக்க மாட்டாரு.

அதனால என்னோட ஓட்டு சின்ன வேனுக்கு. பெரிய பஸ்ஸுல கடைசி ஆளு ஏறுற வரைக்கும் காத்திருக்கறதுலயே ஒவ்வொரு இடத்துலயும் நேரம் போகும். வேன்ல ஓட்டுறவரே கைடா இருப்பாரு, காத்து மழையைப் பாத்து எந்த இடத்துக்கு முதல்ல போறதுன்னு அங்கேயே முடிவு பண்ணுவாரு. இந்த ஊர்ல அது ரொம்ப முக்கியம், காலைல இருந்த வானிலை மத்தியானம் இருக்காது.

பிக்கப் பத்தி ஒண்ணு. பல டூர்ல ஹோட்டல் வாசலுக்கு வண்டி வராது, டவுனுக்குள்ள நம்பர் போட்ட பஸ் ஸ்டாப் வச்சிருக்காங்க, அங்க போய் நிக்கணும். அத்தைக்கு முட்டி வலின்னா உங்க ஹோட்டல்லேர்ந்து எந்த ஸ்டாப் பக்கம்னு முன்னாடியே பாத்து வச்சிக்கோங்க.

ஓஸ்லோ_குமரன்:
நான் வேற மாதிரிச் சொல்லப் போறன். நாங்கள் நோர்வேயில இருந்து போனனாங்கள், கார் எடுத்து நாங்களே ஓடினது, எனக்கெண்டா அதுதான் நல்லம். டூர் வண்டியள் எல்லாம் கிட்டத்தட்ட ஒரே நேரத்திலதான் ஒவ்வொரு இடத்துக்கும் வந்து இறங்கும், சின்ன வேன் எண்டாலும் இறங்கிற இடத்தில பெரிய பஸ் சனமும் நிக்கும்தானே. நாங்கள் ஜூன் மாசம் போனதால இரவு பத்து மணிக்கும் நல்ல வெளிச்சம், சனமெல்லாம் போனாப்பிறகு ஸ்கோகாஃபாஸுக்கு முன்னால எங்கட குடும்பம் மட்டும் நிண்டது, அந்தச் சத்தத்தில ஒருத்தர் கதைக்கிறது ஒருத்தருக்குக் கேக்காது, பிள்ளையள் அப்பிடியே வாயைத் திறந்து பாத்துக்கொண்டு நிண்டவை. ரோட்டுக்கரை முழுக்க ஊதா நிறத்தில லூபின் பூ. 1945இல அலாஸ்காவில இருந்து கொண்டுவந்து மண்ணரிப்பைத் தடுக்க விதைச்சது, இப்ப அது கனக்க இடத்துக்குப் பரவி அந்த மண்ணுக்குரிய பாசியையும் சின்னச் செடியளையும் மூடுதெண்டு அங்கத்தைய ஆக்களுக்கே கவலை. இப்பிடி நிண்டு பாக்கிறதுக்கு டூரில நேரம் தரமாட்டினம். 

காரெண்டா கதவைக் கவனமாத் திறவுங்கோ. காத்து கதவைப் பிடுங்கிப் பின்னால மடக்கிப்போடும், அந்தச் செலவு கனக்க இன்ஷூரன்ஸ்ல சேராது. மணல் சாம்பல் காத்துக்கு தனி இன்ஷூரன்ஸ் விப்பினம், தெற்குக் கரைக்குப் போறதெண்டா அதையும் எடுங்கோ.

மீனா_ரெடிங்:
ரெண்டு பேருக்கும் நன்றி. குமரன் அண்ணா நீங்க சொன்ன பத்து மணி வெளிச்சம் எங்களுக்குக் கிடைக்காதே, அதான் யோசனையா இருக்கு. இன்னொரு சந்தேகம், அத்தை மாமாவுக்கு யூகே விசிட் விசா வந்துருச்சு, அவங்க இங்க வந்தப்புறம் ஐஸ்லாந்துக்கு விசா போட்டுக்கலாமா? எங்க மூணு பேருக்கும் பிரிட்டிஷ் பாஸ்போர்ட். அப்புறம் பஃபின் பறவை பாக்கணும்னு பொண்ணு ஒத்தக்கால்ல நிக்கறா.

வடதுருவன்:
விசாவை உடனே பாருங்க மீனா, இது லேட் பண்ற விஷயம் இல்ல. ஐஸ்லாந்து ஷெங்கன்ல (ஒரே விசா வச்சுப் போற ஐரோப்பிய நாடுகள் கூட்டம்) இருக்கு, இந்தியன் பாஸ்போர்ட்டுக்கு ஷெங்கன் விசா வேணும், யூகே விசா வச்சு உள்ள விட மாட்டாங்க. விசிட்டரா யூகேக்கு வந்தவங்க பொதுவா அங்கேர்ந்து ஷெங்கன் அப்ளை பண்ண முடியாது, அவங்க குடியிருக்கற நாட்டுலதான் போடணும். ஊர்ல இருக்கும்போதே போட்டுருங்க, அப்பாயின்ட்மென்ட் கிடைக்கறதுக்கே வாரக்கணக்குல ஆகும்.

பஃபின் அக்டோபர்ல இருக்காது, பாப்பாகிட்ட இப்பவே சொல்லிருங்க. ஏப்ரல் மே வாக்குல வந்து குஞ்சு பொரிச்சு ஆகஸ்ட் கடைசிக்குள்ள கடலுக்குப் போயிரும்.

பாறைப்பித்தன்:
இந்த ரூட்டுல போறவங்க கிட்ட ஒரு வேண்டுகோள், அருவிய போட்டோ எடுத்துட்டு வந்துறாதீங்க, அது ஏன் அங்க இருக்குன்னு கொஞ்சம் கேளுங்க. செல்யாலாண்ட்ஸ்ஃபாஸ் கிட்டத்தட்ட 60 மீட்டர் உயரம், ஸ்கோகாஃபாஸும் 60 மீட்டர்தான், நடுவுல அரை மணி நேர ரோடு. ரெண்டும் ஒரே உயரமா இருக்கறது தற்செயல் இல்ல. ரோட்டுக்கு இடது பக்கம் சுவர் மாதிரி கூடவே வருதே ஒரு செங்குத்து மலை, அதுதான் பழைய கடற்கரை. ஒரு காலத்துல கடல் அந்தச் சுவர்லதான் வந்து மோதிட்டிருந்துச்சு. பனியுகம் முடிஞ்சு மேல இருந்த ஐஸ் உருகினதும் பாரம் இறங்கி நிலம் மேல எழும்புச்சு, எரிமலை வெடிக்கும்போது வர்ற வெள்ளம் கல்லையும் மணலையும் கொண்டுவந்து கடலைத் தூத்துச்சு, இப்போ கடல் கிலோமீட்டர் கணக்குல தள்ளிப் போயிருச்சு. மேல பனிப்பாறையிலேர்ந்து வர்ற ஆறெல்லாம் அந்தப் பழைய கரை விளிம்புலேர்ந்து குதிக்குது. நீங்க வேன்ல போற அந்தச் சமவெளி முழுக்க முன்னாடி கடலா இருந்த இடம். இது தெரிஞ்சுட்டு ஜன்னல் வழியா பாத்தீங்கன்னா ரெண்டு அருவிக்கு நடுவுல வர்ற, பேரே தெரியாத சின்னச் சின்ன அருவியெல்லாம் ஒரே வரிசைல நிக்கறது கண்ணுல படும்.

ரெண்டு அருவிக்கும் மேல இருக்கறதுதான் எய்யாஃப்யாட்லாயோக்குல். 2010ல உலகத்தையே நிறுத்துன எரிமலை. மார்ச் 20ஆம் தேதி பக்கத்து கணவாய்ல லாவா கொப்பளிக்க ஆரம்பிச்சுச்சு, அப்போ பெரிய ஆபத்தில்ல, ஜனங்க நடந்து போய் வேடிக்கை பாத்தாங்க. ஏப்ரல் 14ஆம் தேதி உச்சியில ஐஸுக்கு அடியிலயே வெடிச்சப்போதான் கதை மாறுச்சு. கொதிக்கற குழம்பு ஐஸ் தண்ணியில பட்டதும் சிதறி ரொம்ப நைஸான கண்ணாடித்தூளாகி வானத்துக்குப் போயிருச்சு, காத்து அதை நேரா ஐரோப்பா பக்கம் தள்ளிட்டு வந்துச்சு. அந்தத் தூள் ஜெட் இன்ஜினுக்குள்ள போனா உருகி உள்ளயே ஒட்டிக்கும், இன்ஜின் நின்னுரும். 1982ல ஜாவா பக்கத்துல கலுங்குங் எரிமலைச் சாம்பலுக்குள்ள போன பிரிட்டிஷ் ஏர்வேஸ் ஜம்போ விமானத்துக்கு நாலு இன்ஜினும் நின்னு, கீழ இறங்கினப்புறம்தான் திரும்ப ஸ்டார்ட் ஆச்சு. அதனாலதான் 2010ல ரிஸ்க் எடுக்காம நாள்கணக்குல வானத்தையே மூடுனாங்க, லட்சம் ஃப்ளைட் வரைக்கும் ரத்தாச்சு.

ரேய்னிஸ்ஃபியாரான்னு சொல்ற அந்தக் கறுப்பு மணல் பீச்சுல பாறை அறுகோணத் தூணா அடுக்கி நிக்கறதும் இதே குடும்பம்தான். லாவா ஆறும்போது சுருங்கும், சுருங்கும்போது வெடிக்கும், கோடையில ஏரி வத்துனா மண்ணு பாளம் பாளமா வெடிக்குமே அதே கணக்கு, இங்க அந்த வெடிப்பு மேலேர்ந்து உள்ள வரைக்கும் இறங்கிப் போறதால தூண் தூணா நிக்குது. ரேக்யாவிக்ல 74 மீட்டர் உயரத்துக்கு நிக்கற ஹால்க்ரிம்ஸ்கிர்க்யா சர்ச்சோட முகப்பு இந்த மாதிரித் தூண்களைப் பாத்துக் கட்டுனதுதான்.

சென்னை_சிவா:
பாறைப்பித்தன் ஐயா அருமை, இதெல்லாம் தெரியாமத்தான் நான் போயிட்டு வந்தேன். நான் போனது பெரிய பஸ், பேரு வேணாம், காசு கொஞ்சம் கம்மின்னு எடுத்தது. ஸ்கோகாஃபாஸ்ல இறங்குனதும் இருபத்தஞ்சு நிமிஷம்னு மைக்ல சொன்னாங்க. கழிவறை லைன்ல நின்னு வந்தா பாதி நேரம் போச்சு. அருவி பக்கத்துல மேல ஏற ஐநூறுக்கு மேல படி இருக்கு, மேல போனா ஆறு ஓடி வந்து விளிம்புல விழறதைக் கிட்டக்கப் பாக்கலாமாம், எங்க போறது, பாதி ஏறுறதுக்குள்ள திரும்பிட்டேன். கைடு பேசுனது ரெக்கார்டிங் மாதிரி, கேள்வி கேக்க ஆளில்ல. காசு மிச்சம் பண்ணதுக்கு அர்த்தமே இல்லாம போச்சுன்னு திரும்பி வரும்போது வருத்தமா இருந்துச்சு. வாழ்க்கைல திரும்ப எப்போ போகப்போறோம் சொல்லுங்க.

ஓஸ்லோ_குமரன்:
மீனா தங்கச்சி, அக்டோபர் கடைசி, வயசான ஆக்கள் ரெண்டு பேர், இருட்டு ரோட்டு, இதெல்லாம் சேத்துப் பாத்தா உங்கட நிலைக்கு வேன்தான் சரி. கார் எண்டது கோடைக்கும், பனியில ஓடிப் பழகினவைக்கும். ஆனா ஒண்டு, வேன் எடுக்கிறதெண்டா எத்தினை இடம் காட்டுறாங்கள் எண்டதைப் பாத்து எடுக்காதேங்கோ. எட்டு இடம் போட்டிருந்தா ஒவ்வொண்டிலயும் இறங்கி ஏறத்தான் நேரம். நாலைஞ்சு இடம் காட்டுற டூரை எடுங்கோ. சில டூர் ஒரே நாளில யோக்குல்சார்லோன் ஐஸ் ஏரி வரைக்கும் போய் வருமாம், ரேக்யாவிக்ல இருந்து ஒரு வழிக்கே 370 கிலோமீட்டருக்கு மேல, அத்தை மாமா ஆக்களைக் கூட்டிக்கொண்டு அதுக்குப் போகவே வேண்டாம்.

ரேவதி_கிளாஸ்கோ:
எல்லாரும் அருவி பத்திப் பேசறீங்க, நான் பீச் பத்தி மட்டும் சொல்லணும்னு வந்தேன். ரேய்னிஸ்ஃபியாரா பாக்கறதுக்கு அவ்ளோ அழகு, கறுப்பு மணல், கடலுக்குள்ள நிக்கற ரேய்னிஸ்த்ராங்கர் பாறைத்தூண்கள், ஆனா அங்க பல பேரு செத்துப் போயிருக்காங்க, குழந்தையும் அதுல உண்டு. நாங்க நின்னுட்டிருந்தப்போ அலை அமைதியா வந்து போயிட்டிருந்துச்சு, ஒரு ஜோடி கடலுக்கு முதுகைக் காட்டிட்டு போட்டோ எடுத்துட்டிருந்தாங்க, திடீர்னு ஒரு அலை மத்த அலை வந்த இடத்தையெல்லாம் தாண்டி ஏறி வந்து அவங்க ரெண்டு பேரையும் கீழ தள்ளிருச்சு. எங்க கைடு ஓடிப்போய் அந்தப் பொண்ணோட கையைப் பிடிச்சு இழுத்தாரு. அவங்க எங்க குரூப்பே இல்ல. அந்தப் பொண்ணு நடுங்கிட்டே நின்னது இன்னும் மறக்க முடியல. 

தயவுசெஞ்சு, பத்து வயசுக் குழந்தைன்னா கையை விடவே விடாதீங்க. நம்ம ஊர்ல மெரினால கால் நனைக்கற பழக்கத்துல இங்கயும் இறங்கக் கூடாது. காலை நனைக்கறதுக்கான கடலே இல்ல இது.

பாறைப்பித்தன்:
ரேவதி சொன்னத எல்லாரும் ரெண்டு தடவை படிங்க. காரணமும் சொல்லிடறேன். அட்லாண்டிக்ல தூரத்துல எங்கயோ அடிக்கற புயலோட அலை தடுக்க எந்த நிலமும் இல்லாம நேரா அந்தக் கரைக்கு வந்து சேருது. கரை ஓரத்துலயே கடல் சட்டுனு ஆழமாயிருது, அதனால அலை தூரத்துலேயே உடைஞ்சு சக்தி இழக்காம முழு வேகத்தோட மேல ஏறும். ரெண்டு மூணு அலை ஒண்ணு சேந்துட்டா நிக்கற இடம் தண்ணிக்குள்ள போயிரும். திரும்பிப் போற தண்ணி காலுக்கடியில கூழாங்கல்லோட சேர்த்து இழுக்கும், எழுந்திரிக்க முடியாது. தண்ணியோட குளிரு வேற.

வடதுருவன்:
அங்க இப்போ டிராஃபிக் லைட் மாதிரி எச்சரிக்கை விளக்கு வச்சிருக்காங்க, அலை நிலவரத்தைப் பொறுத்து பச்சை, மஞ்சள், சிவப்பு மாறும். சிவப்பு எரிஞ்சா கீழ இறங்கக் கூடாது, மேட்டுல நின்னு பாக்கணும். மஞ்சள்னா போர்டுல போட்டிருக்கற எல்லையைத் தாண்டக் கூடாது. பச்சை எரிஞ்சாலும் கடலுக்கு முதுகு காட்டாதீங்க. அவசரத்துக்கு 112.

தயிர்சாதம்:
சாப்பாடு பத்தி யாரும் சொல்லலையே. நாங்க சுத்த சைவம். இந்த டூர்ல மத்தியானச் சாப்பாடு பெரும்பாலும் டூர் காசுல சேராது, வீக்ல நிறுத்துவாங்க, அங்க ஒரு சூப்பர்மார்க்கெட்டும் சில ரெஸ்டாரன்ட்டும் இருக்கு. வெஜ் சூப், பீட்சா கிடைக்கும், ஆனா விலை கேட்டா மயக்கம் வரும். ரோட்டோர பெட்ரோல் பங்குல விக்கற ஹாட்டாக்ல ஆட்டுக்கறி இருக்கும், தெரியாம வாங்கிறாதீங்க. முதல் நாளே ரேக்யாவிக்ல போனஸ் கடையில (பன்றி படம் போட்ட மஞ்சள் போர்டு) ரொட்டி, பழம், ஸ்கிர் வாங்கி வச்சிக்கோங்க. ஸ்கிர்னா நம்ம கெட்டித் தயிர் மாதிரி, புளிப்பு கம்மி, நாங்க ஹோட்டல்லயே குக்கர்ல சாதம் வச்சு ஸ்கிர் ஊத்திப் பிசைஞ்சு டப்பால கொண்டுபோனோம், பிரமாதமா இருந்துச்சு. முழு சைவம்னா டப்பால என்னென்ன சேர்த்திருக்குன்னு பாருங்க, சில ஸ்கிர்ல ரென்னெட் (கன்னுக்குட்டி வயித்துலேர்ந்து எடுக்கறது) சேர்ப்பாங்க. தண்ணி பாட்டில் வாங்க வேண்டியதே இல்ல, குழாய்ல வர்ற குளிர்ந்த தண்ணி அவ்ளோ சுத்தம். சுடுதண்ணி மட்டும் அழுகின முட்டை வாசம் அடிக்கும், பூமிக்கடியிலேர்ந்து வர்றதால கந்தக வாடை, குளிக்க ஒண்ணும் ஆகாது.

மீனா_ரெடிங்:
எல்லாரும் இவ்ளோ அக்கறையா எழுதறத பாத்து வீட்டுக்காரரே உக்காந்து முழுசா படிச்சாரு. சின்ன வேன்தான், முடிவு பண்ணிட்டோம். அஞ்சு ஸ்டாப் உள்ள டூர். அத்தை மாமா விசாவும் ஊர்லயே அப்ளை பண்ணியாச்சு. போயிட்டு வந்து கண்டிப்பா எழுதறேன்.

மீனா_ரெடிங்:
போயிட்டு வந்துட்டோம்! கொஞ்சம் நீளமா எழுதறேன், பொறுத்துக்கோங்க.

காலைல வண்டி ஏறுனதுமே கைடு சொன்னாரு, மத்தியானத்துக்கு மேல தெக்க காத்து எச்சரிக்கை இருக்கு, அதனால வழக்கத்துக்கு மாறா முதல்ல நேரா வீக் வரைக்கும் போயிட்டு திரும்பி வரும்போது ஒவ்வொண்ணா பாக்கலாம்னு. இது பெரிய பஸ்ல நடந்திருக்குமான்னு தெரியல. வேன்ல பதினாறு பேரு, எல்லாரும் சரின்னுட்டாங்க. இருட்டுல போகும்போது ஹெல்லிஸ்ஹெய்தில வெள்ளை ஆவி மட்டும் விளக்கு வெளிச்சத்துல தெரிஞ்சுது, அது பூமிச் சூட்டுலேர்ந்து கரண்ட்டும் சுடுதண்ணியும் எடுக்கற ஸ்டேஷனாம், நாம ஹோட்டல்ல குளிக்கற தண்ணி இந்த மாதிரி இடத்துலேர்ந்துதான் குழாய்ல வருதுன்னு சொன்னாரு. அங்க கார்பன் டை ஆக்சைடை தண்ணியில கரைச்சு பாறைக்குள்ள அனுப்புவாங்களாம், ரெண்டு வருஷத்துக்குள்ள அது கல்லாவே மாறிடுதாம். பொண்ணு அதுலேர்ந்து கேள்வி கேக்க ஆரம்பிச்சவ சாயந்திரம் வரைக்கும் நிறுத்தல, அந்த மனுஷனும் ஒரு தடவை கூட சலிச்சுக்கல.

பீச்சுல மஞ்சள் விளக்கு. இறங்குறதுக்கு முன்னாடியே வேன்ல வச்சு அலை பத்தி ரேவதி எழுதுன அதே விஷயத்தை சொன்னாரு, இறங்குனதும் அவரு கடலுக்கும் எங்களுக்கும் நடுவுலயே நின்னாரு. தூண் பாறைகிட்டப் போக முடியல, தூரத்துலேர்ந்துதான் பாத்தோம், அதுவே போதும்னு இருந்துச்சு. காத்துல மணல் முகத்துல குத்துச்சு, கண்ணாடி போட்டிருந்ததால தப்பிச்சோம். மாமா அந்த அலையைப் பாத்துட்டு ரொம்ப நேரம் பேசவே இல்ல.

அப்புறம் வீக் சர்ச். மேட்டு மேல சிவப்புக் கூரையோட இருக்கும். கட்லா எரிமலை மீர்தால்ஸ்யோக்குல் பனிப்பாறைக்கு அடியில இருக்கு, அது வெடிச்சா ஐஸ் உருகி வெள்ளமா வரும், ஊர்க்காரங்க எல்லாரும் அந்த சர்ச் மேட்டுக்குத்தான் போகணும்னு ஏற்பாடாம். கடைசியா பெருசா வெடிச்சது 1918 அக்டோபர் 12. அப்போ வந்த வெள்ளம் கொண்டுவந்து கொட்டுன மணல்ல கடற்கரையே கடலுக்குள்ள நீண்டுருச்சாம். அந்த ஊர் ஜனங்க தினமும் அந்த எரிமலைக்குக் கீழதான் கடை திறக்கறாங்க, பிள்ளைங்களை ஸ்கூலுக்கு அனுப்பறாங்க. அத்தை அந்த மேட்டுலேர்ந்து ஊரைப் பாத்துட்டு "இவங்களுக்கெல்லாம் நல்லது நடக்கட்டும்டி"ன்னு சொல்லி கையெடுத்துக் கும்பிட்டாங்க.

சோல்ஹேமாயோக்குல் பனிப்பாறைக்கு பார்க்கிங்லேர்ந்து கால் மணி நேரம் கல்லுப் பாதையில நடக்கணும், அத்தை வேன்லயே உக்காந்துட்டாங்க, ஹீட்டர் போட்டுக் கொடுத்தாரு. நாங்க போனோம். ஐஸ் வெள்ளையா இருக்கும்னு நெனச்சுப் போனா கறுப்புக் கோடு கோடா இருக்கு, அதெல்லாம் எரிமலைச் சாம்பலாம். முன்னாடி ஒரு ஏரி, முன்ன அதுவும் ஐஸா இருந்த இடமாம். பக்கத்து ஊர் ஸ்கூல் பசங்க 2010லேர்ந்து வருஷா வருஷம் வந்து ஐஸ் எவ்ளோ பின்வாங்கிருக்குன்னு அளக்கறாங்களாம். பொண்ணு அதைக் கேட்டதும் முகம் மாறிட்டா. நாம பெரியவங்க ஆனதும் இது இருக்குமான்னு கேட்டா. கைடு பொய் சொல்லல, நாக்கு மாதிரி இறங்கி வர்ற இந்தப் பனிப்பாறை இன்னும் ரொம்பச் சுருங்கிடும்னுதான் சொன்னாரு. ஐஸ் மேல நடக்கறதுக்குத் தனி டூர், கம்பி செருப்பு ஹெல்மெட்டெல்லாம் கொடுப்பாங்க, வயசு லிமிட் உண்டு, அதுல நாங்க போகல.

ஸ்கோகாஃபாஸ்தான் அத்தைக்கு. அங்க பார்க்கிங்லேர்ந்து அருவி வரைக்கும் சமதரை, கூழாங்கல்லு, மாமா கையைப் பிடிச்சுட்டு மெதுவா சாரல் படற தூரம் வரைக்கும் நடந்துட்டாங்க. நிமிஷ நேரம் வெயில் வந்துச்சு, ரெண்டு வானவில் ஒண்ணு மேல ஒண்ணு. வீட்டுக்காரரும் பொண்ணும் படி ஏறிட்டு வந்தாங்க, சிவா சார், அதுக்கும் நேரம் இருந்துச்சு, முக்கால் மணி நேரத்துக்கு மேல விட்டாரு. செல்யாலாண்ட்ஸ்ஃபாஸ் வர்றதுக்குள்ள வெளிச்சம் குறைஞ்சு காத்தும் ஏறிருச்சு, ஆனா பின்னாடி போற வழி திறந்திருந்துச்சு. மாமா ரெயின்கோட்டோட எங்களோட வந்தாரு. அருவிக்குப் பின்னாடி நின்னு தண்ணித் திரை வழியா வெளிய பாத்தோம், மேலேர்ந்து கீழ வரைக்கும் நனைஞ்சோம். பக்கத்துல பாறைச் சந்துக்குள்ள ஒளிஞ்சிருக்கற க்ல்யூஃப்ராபூயி அருவிக்கு ஓடைத் தண்ணிக்குள்ள கல்லு மேல கால் வச்சுப் போகணும், பொண்ணும் அவங்கப்பாவும் மட்டும் போனாங்க. அது எப்படி இருந்துச்சுன்னு கேட்டா ரெண்டு பேரும் சொல்லத் தெரியாம சிரிக்கறாங்க.

குறைன்னா, பின் சீட்டு ஜன்னல் முழுக்க ஆவி படிஞ்சு ஒண்ணும் தெரியல, சீக்கிரமே போய் முன்னாடி சீட்டைப் பிடிங்க. ஒரு ஜோடி மாத்து டிரஸ் இல்லாம நனைஞ்சு திரும்பி வர்ற வழியெல்லாம் நடுங்கிட்டே வந்தாங்க, என்கிட்ட இருந்த சால்வையைக் கொடுத்தேன். வாட்டர்ப்ரூஃப் பேன்ட் கண்டிப்பா வேணும், ஜீன்ஸ் உதவாது. குடை கொண்டுபோகவே வேண்டாம்.

ஓஸ்லோ_குமரன்:
வாசிக்கச் சந்தோசமா இருக்கு தங்கச்சி. உங்கட அத்தை அருவிக்குக் கிட்டப் போனதுதான் எல்லாத்திலயும் பெரிசு.

சென்னை_சிவா:
முக்கால் மணி நேரம்! அடுத்த தடவை சின்ன வேன்தான், எழுதி வச்சிட்டேன்.

கார்த்திக்_டப்ளின்:
இந்த இழை முழுக்க படிச்சேன், ரொம்ப உபயோகம். நான் பிப்ரவரில தனியா போறேன், எனக்கு எரிமலைதான் முக்கியம், புதுசா வந்த லாவாவைப் பாக்கணும். சவுத் கோஸ்ட் போறதா, இல்ல ரேக்யானஸ் தீபகற்பம் பக்கம் சின்ன குரூப் டூர் இருக்கே அதுக்குப் போறதா? ரேக்யானஸ்ல அருவியும் உண்டா?

பாறைப்பித்தன்:
கார்த்திக், அருவி வேணும்னா ரேக்யானஸ்ல கிடைக்காது, அதுக்குக் காரணம் அங்க இருக்கற லாவாதான். இளசான லாவா முழுக்க ஓட்டையும் வெடிப்புமா இருக்கும், பெய்யற மழையெல்லாம் அப்படியே உள்ள இறங்கிரும், மேல ஆறா ஓடாது. சவுத் கோஸ்ட்ல பழைய இறுகுன பாறை, மேல பனிப்பாறை, கீழ பழைய கடற்கரைச் சுவர், அதனால அருவி. ரெண்டு நாள் இருந்தா ரெண்டையும் பாருங்க, அப்போதான் பழைய எரிமலை நிலமும் புது எரிமலை நிலமும் எப்படி வேறன்னு கண்ணுல பிடிபடும்.

வடதுருவன்:
ரேக்யானஸ்ல ஏறக்குறைய 800 வருஷம் அமைதியா இருந்துட்டு 2021 மார்ச் 19ல ஃபாக்ரதால்ஸ்ஃப்யாட்ல் மலை பக்கம் வெடிப்பு ஆரம்பிச்சுச்சு. 2023 நவம்பர் 10 ராத்திரி க்ரிண்டவீக் ஊரையே காலி பண்ணாங்க, மூவாயிரத்து எழுநூறு பேருக்கு மேல. டிசம்பர்லேர்ந்து பல தடவை வெடிச்சுது, 2024 ஜனவரில லாவா ஊருக்குள்ளயே வந்து மூணு வீடு எரிஞ்சுது. பிப்ரவரில சுடுதண்ணிக் குழாய் மேல லாவா ஓடி அந்தப் பகுதி முழுக்க குளிர்காலத்துல ஹீட்டிங் இல்லாம கிடந்தாங்க. என்கூட வேலை பாக்கற ஒருத்தர் வீடு அந்த ஊர்லதான் இருக்கு, இன்னும் அங்க திரும்பிப் போகல. அதனால அங்க போறவங்க ஊருக்குள்ள வீடுகளை கிட்டப் போய் போட்டோ எடுக்காதீங்க, அது ஜனங்களோட வீடு.

பிப்ரவரில டூர் எடுத்தா கைடோட போங்க. புது லாவா மேல ஏறவே ஏறாதீங்க, மேல ஆறிப்போன மாதிரி ஓடு தெரியும், கீழ இன்னும் சூடா, வெறும் பொந்தா இருக்கும். காத்து மாறுனா கந்தக வாயு பள்ளத்துல தங்கும், வானிலை ஆபீஸ் தினமும் எரிமலை நிலவரமும் வாயு எந்தப் பக்கம் போகுதுன்னும் போடறாங்க, முந்தின நாள் ராத்திரியும் கிளம்புற காலையும் பாருங்க. ரோடு மூடுனா டூர்க்காரங்களே க்லேய்வர்வட்ன் ஏரி, செல்டுன் கொதிக்கற சேறு பக்கம் திருப்பிக் கூட்டிட்டுப் போவாங்க, அதுவும் நல்ல இடம். பாசி மேல மட்டும் கால் வைக்காதீங்க, ஒரு தடவை மிதிச்சா திரும்ப வளர பல வருஷம் ஆகும்.

கார்த்திக்_டப்ளின்:
சரிங்கண்ணா, ரெண்டு நாள் ரெண்டு டூருன்னு போட்டுடறேன், முதல் நாள் சவுத் கோஸ்ட், மறுநாள் ரேக்யானஸ். பிப்ரவரில ஷூவுக்கு அடியில மாட்டற முள்ளு டூர்லயே கொடுப்பாங்களா, வாங்கிட்டுப் போகணுமா?

வடதுருவன்:
அருவி டூர்ல பெரும்பாலும் கொடுக்க மாட்டாங்க, வாங்கிட்டே வாங்க. ரப்பர்ல மாட்டற சின்ன முள்ளு போதும். செல்யாலாண்ட்ஸ்ஃபாஸ் பக்கம் சாரல் விழுந்து தரை முழுக்க கண்ணாடி ஐஸா இருக்கும், பார்க்கிங்லயே மாட்டிக்கோங்க.